லாரி என்று காதில் விழுந்தது

எனக்குப் பயம் அதிகம். இதை மறைத்து எனக்கு ஆகப்போவது ஒன்றுமில்லை. இடி இடித்தால் டிவி ஒயரைப் பிடுங்கிவிட்டுத்தான் மறுவேலை. கோலாலம்பூர் பிரிக்பீல்ட்ஸில் நாங்கள் இருக்கும் அடுக்குமாடி வீட்டில் லிஃப்ட் லேசாகக் குலுங்கினாலே முருகனைச் சத்தமாகக் கூப்பிட்டுவிடுவேன். பக்கத்தில் நிற்பவர்கள் சட்டென்று தங்கள் கைப்பேசியை உன்னிப்பாகப் பார்க்கத் தொடங்குவார்கள். கதவருகே ஒரு பை எப்போதும் தயாராக இருக்கும். மருந்து, டார்ச் லைட், மாற்றுத்துணி, பிஸ்கட். வீட்டுக்காரர் அந்தப் பையைப் பார்க்கும்போதெல்லாம், "என்னம்மா, இன்னைக்கு எந்த ஊருக்கு?" என்பார். அவ்வப்போது பிஸ்கட்டை மட்டும் எடுத்துத் தின்றுவிட்டு ஒன்றும் தெரியாதவர் மாதிரி உட்கார்ந்திருப்பார்.

மற்றப் பயங்களை விடுங்கள். தண்ணீர்ப் பயம் நான் சும்மா வளர்த்துக்கொண்டது இல்லை. சில வருடங்களுக்கு முன் ஒரு வருடக் கடைசியில் கிள்ளானில் தங்கை வீட்டுக்குப் போயிருந்தேன். வெளியே மழை பெய்துகொண்டிருந்தது. அடுப்பில் கோழி வெந்துகொண்டிருந்தது. அப்போது குளியலறை ஓட்டையிலிருந்து தண்ணீர் மேலே வந்தது. மேலே இருந்து வருவதற்குத்தானே நாம் குடை வைத்திருக்கிறோம், கீழே இருந்து வந்தால் என்ன செய்வது? தங்கை துடைப்பத்தால் தள்ளினாள். நான் துணியைப் போட்டு அடைத்தேன். கொஞ்ச நேரத்தில் ஃப்ரிட்ஜ் மெல்லச் சாய்ந்து மிதந்தது. ஃப்ரிட்ஜ் மிதக்கும் என்று அதுவரை எனக்குத் தெரியாது. பக்கத்து வீட்டு மலாய்க்காரர் ஏணி போட்டு எங்களைக் கூரைக்கு இழுத்தார். அறுபதை நெருங்கும் வயதில் தகரக் கூரை மேல் குந்தியிருந்தேன். படகு மறுநாள்தான் வந்தது. அந்தக் கூரையிலிருந்து நான் இன்னும் முழுதாக இறங்கவில்லை என்றுதான் நினைக்கிறேன்.

அதில் ஒன்று கற்றுக்கொண்டேன். தண்ணீர் வருவதற்கு முன்னால் சாக்கடை சொல்லிவிடும். எங்கள் ஊர்ப் பேச்சில் லொங்காங். கடல் ஏறும் நேரத்தில் மழையும் கொட்டினால் லொங்காங் தண்ணீர் ஆற்றுக்குப் போக வழியில்லாமல் நின்றுவிடும். பிறகு திரும்பி நம் பக்கம் வரும். தங்கை வீட்டு வாசலில் அன்று ஒரு காகிதப் பெட்டி லொங்காங்கில் தப்பான திசையில் போனது. நாங்கள் இருவரும் அதைப் பார்த்துக்கொண்டேதான் கோழி நறுக்கினோம்.

இப்படிப்பட்ட எனக்கு வேலை எங்கே என்று கேளுங்கள். அதே கிள்ளானில், ஆற்றுக்குப் பின்பக்கம் காட்டிக்கொண்டு நிற்கும் ஒரு சாமான் கிடங்கில். பிஸ்கட்டும் மீ நூடுல்ஸ் பாக்கெட்டும் கொள்கலன்களில் ஏற்றி வெளிநாட்டுக்கு அனுப்பும் இடம். தினமும் காலையில் கொமுட்டர் ரயில் ஏறிக் கிள்ளானுக்குப் போவேன். கீழே கிடங்கு, மேலே ஆபீஸ், நடுவில் ஒரு இரும்புப் படி. கிடங்கின் முன்பக்கம் லோரிகள் வந்து நிற்கும் லோடிங் பே, தரை மட்டத்துக்குக் கீழே சரிந்து போகும் பள்ளம். முதல் நாள் அந்தப் பள்ளத்தைப் பார்த்ததுமே, அங்கிருந்து இரும்புப் படிக்கு எத்தனை எட்டு என்று எண்ணிப் பார்த்தேன்.

அங்கே நான் கிராணி, அதாவது குமாஸ்தா. இந்தச் சொல்லைப் பற்றிக் கொஞ்சம் சொல்ல வேண்டும். என் அம்மா ரப்பர் தோட்டத்தில் பால்மரம் வெட்டியவர். அவருக்குக் கிராணி என்றால் பெரிய ஆள். கிராணி பேர் போட்டால்தான் அன்றைக்கு வேலை, கிராணி முறைத்தால் வீட்டில் சோறு இறங்காது. நான் பள்ளி முடித்து முதல் ஆபீஸில் சேர்ந்தபோது, "என் மவ கிராணி!" என்று கண்ணில் பட்டவர்களிடம் எல்லாம் சொன்னார். பாவம், காலம் மாறியது அவருக்குத் தெரியாது. இன்றைக்கு ஆபீஸில் கிராணி என்றால் பிரிண்டருக்குத் தாள் போடுகிறவள், ஏர்கான் ஒழுகினால் ஆளைக் கூப்பிடுகிறவள், பிறந்தநாள் கேக்கை வெட்டித் தட்டில் வைக்கிறவள். அறுபது வயதுக்குப் பிறகு என்னை வருடத்துக்கு வருடம் காண்டிராக்டில் வைத்திருந்தார்கள். ஒவ்வொரு வருடக் கடைசியிலும் கையெழுத்து விழுமா என்று நாள் எண்ணிக்கொண்டிருப்பேன். வீட்டுக்காரருக்கு முதுகு போய் வேலையை விட்டு வருடங்கள் ஆகின்றன.

எங்கள் மேனேஜர் ஒரு தமிழ்ப் பையன். பையன் என்றா சொன்னேன், முப்பத்தைந்தைத் தாண்டியவர். மரியாதையாகத்தான் பேசுவார், என்னை ஆன்டி என்றுதான் கூப்பிடுவார். மரியாதையாகப் பேசுகிறவர்களிடம்தான் எனக்கு நடுக்கம் அதிகம். கத்துகிறவரிடம் நானும் கத்திவிடுவேன்.

வெள்ளம், தீ இவற்றுக்கு ஒரு பொறுப்பாளர் வேண்டும் என்று தலைமை ஆபீஸிலிருந்து சொல்லி அனுப்பினார்கள். கூட்டத்தில் யாரும் கையைத் தூக்கவில்லை. மேனேஜர் என்னைப் பார்த்துச் சிரித்தார்.

"ஆன்டிதான் சரியான ஆள். மழை வந்தாலே ஜன்னலுக்கு ஜன்னல் ஓடுவாங்க. நீங்களே பாத்துக்குங்க லா ஆன்டி."

எல்லோரும் சிரித்தார்கள். ஆரஞ்சு நிறத்தில் ஒரு மேலங்கியைக் கொடுத்தார்கள். அது இரண்டு பேர் உள்ளே போகும் அளவு. கேலிக்குக் கொடுத்தார்கள் என்று தெரிந்தும் எனக்கு உள்ளுக்குள் ஒரு மாதிரி சந்தோஷமாகத்தான் இருந்தது. இத்தனை வருடத்தில் என் பயத்துக்கு ஒரு வேலை கொடுத்தது அந்தக் கம்பெனிதான்.

பயிற்சி நாள் வந்தது. கீழே வேலை செய்பவர்களில் வங்காளதேசத்தார், நேபாளத்தார், உள்ளூர் ஆட்கள் இரண்டு மூன்று பேர், புதிதாகத் தமிழ்நாட்டுக்காரர் ஒருவர். பெரும்பாலானவர்களுக்கு அரைகுறையாகத் தெரிந்த ஒரே மொழி மலாய். அதனால் மலாயில்தான் கத்த வேண்டும் என்று முடிவு. நான் மணியை அடித்துவிட்டு, மேலங்கி முழங்காலில் தட்ட, தொண்டை கிழியக் கத்தினேன்.

"லாரி! லாரி!"

மலாயில் அதற்கு ஓடு என்று பொருள். இங்கே பிறந்த குழந்தைக்குக்கூடத் தெரியும். நாங்கள் வண்டியை லோரி என்போம், ஓடுவதை லாரி என்போம், எங்களுக்குள் ஒருநாளும் குழப்பம் வந்ததில்லை. எல்லோரும் படிப் பக்கம் ஓடி வந்தார்கள். ஒருவர் மட்டும் எதிர்ப்பக்கம் ஓடினார். அறந்தாங்கிப் பக்கத்திலிருந்து வந்து கொஞ்ச நாளே ஆன தம்பி. நாற்பதைத் தாண்டியவர், ஊரில் இரண்டு பெண் பிள்ளைகள். நான் கத்தக் கத்த அவர் இன்னும் வேகமாக ஓடி, பள்ளத்தில் இறங்கி, அங்கே நின்றிருந்த லோரியில் ஏறிக் கதவைச் சாத்திக்கொண்டார்.

அவர் ஊரில் வண்டிதான் லாரி. அக்கா லாரி லாரி என்று கத்துகிறாள், லாரிக்குப் போனார். அவர்மேல் என்ன தப்பு?

கிடங்கே குலுங்கிச் சிரித்தது. ஃபோர்க்லிஃப்ட் ஓட்டும் அண்ணன் வயிற்றைப் பிடித்துக்கொண்டு தரையில் உட்கார்ந்துவிட்டார். அவர் என்னைவிடச் சின்னவர், நான் அவரை அண்ணே என்பேன், அவர் என்னை அக்கா என்பார், அது அப்படியே ஓடிக்கொண்டிருக்கிறது. மேனேஜர் அதைப் படம் பிடித்து ஆபீஸ் குழுவில் போட்டார். அன்றிலிருந்து அந்தத் தம்பிக்கு 'லாரி' என்றே பேர். "ஏய் லாரி, தேத்தண்ணி குடிச்சியா?" அவரும் சிரித்து வைப்பார். ஆனால் சாப்பாட்டு நேரத்தில் எல்லோரோடும் உட்காருவதை நிறுத்திவிட்டார்.

எனக்குச் சிரிப்பு வரவில்லை. அன்று ரயிலில் வரும்போது அதையேதான் நினைத்துக்கொண்டு வந்தேன். தண்ணீர் வந்தால் முதலில் நிரம்புவது அந்தப் பள்ளம். நான் காப்பாற்றக் கத்துகிறேன் என்று நினைத்துக்கொண்டு ஒரு மனுஷனை நேராக அதற்குள் அனுப்பியிருக்கிறேன். அதுவும் கத்தக் கத்த வேகமாக ஓடுகிறார்! கண்ணை மூடினால் அவர் லோரிக் கதவைச் சாத்தும் சத்தம் கேட்டது. வீட்டுக்கு வந்து சோறு பிசைந்து பிசைந்து அப்படியே வைத்துவிட்டேன்.

மறுநாள் மேனேஜர் அறைக்குப் போனேன்.

"சார், இன்னொரு தடவ டிரில் வைக்கணும் சார். அந்தத் தம்பிக்கு நான் சொன்னது வேற மாதிரி கேட்டிருக்கு."

"டிரில் முடிஞ்சிருச்சே ஆன்டி. போட்டோ எடுத்தாச்சு, ரிப்போர்ட் போயிருச்சு."

"நெசமா தண்ணி வந்தா…"

"வந்தா பாத்துக்கலாம் லா. ஏன் எப்பவும் கெட்டதையே நெனைக்கிறீங்க?"

கதவைச் சாத்திக்கொண்டு வெளியே வந்தேன். என்னத்தைப் பார்த்துக்கொள்வது? தண்ணீர் வந்த பிறகு பார்ப்பதற்கு ஒன்றும் இருக்காது, அதைத்தான் நான் கூரையில் உட்கார்ந்து பார்த்தேனே. இதையெல்லாம் அவர் முகத்துக்கு நேராகச் சொல்ல எனக்கு வாய் வரவில்லை. ரயிலில் பக்கத்து சீட்டுக்குத்தான் சொன்னேன்.

பிறகு நானே ஒரு காரியம் செய்தேன். தேத்தண்ணி நேரத்தில் கீழே இறங்கிப் போய், எல்லோருக்கும் ஒரே மாதிரி புரிகிற சொல் எது என்று தேடினேன். 'லாரி' செத்தாலும் வேண்டாம். ஏறு என்பதற்கு மலாயில் 'நாயேக்'. அதைச் சொன்னதும் அறந்தாங்கித் தம்பி முகம் மாறியது.

"அக்கா, நாய்ங்கிறீங்களா? நாய்னா நான் இன்னும் வேகமா அந்தப் பக்கம்தான்க்கா ஓடுவேன். ரெண்டு தடவ கடி வாங்கியிருக்கேன்."

சரி, அதுவும் போச்சு. மேலே என்பதற்கு 'ஆத்தாஸ்'. அதைச் சொன்னேன். அவர் இரண்டு முறை வாய்க்குள் சொல்லிப் பார்த்தார். ரொம்ப நாளுக்குப் பிறகு பல் தெரியச் சிரித்தார்.

"ஆத்தாவா? எங்கூர்ல அம்மாவ ஆத்தான்னுதான்க்கா கூப்புடுவோம். ஆத்தான்னு கத்துங்க, எங்க கெடந்தாலும் ஓடியாந்துருவேன்."

ஃபோர்க்லிஃப்ட் அண்ணன் விடுவாரா? எங்கள் ஊரில் பணக்கார மிடுக்கோடு திரிகிறவர்களையும் ஆத்தாஸ் என்றுதான் கிண்டல் செய்வோம். "அக்கா நம்மள எல்லாம் ஆத்தாஸ் ஆக்கப் போறாங்கடா! போய் கோட்டு சூட்டு வாங்கிட்டு வாங்க!" என்றார். சிரிக்கட்டும் என்று விட்டேன். சிரிப்போடு போனால் சொல் மறக்காது.

சொல் மட்டும் போதவில்லை. அவர்கள் யாரும் அந்த இரும்புப் படியில் ஏறியதே கிடையாது. மேலே ஆபீஸ், கார்பெட், ஏர்கான். கீழே வேலை செய்பவர்கள் மேலே வரக்கூடாது என்பது எழுதாத சட்டம். நேபாளத்து ஆள் ஒருவர் முதல் படியில் கால் வைத்துவிட்டு என்னைத் திரும்பிப் பார்த்தார். உண்மையாகவே ஏறலாமா என்று கேட்கும் பார்வை. செருப்பைக் கழற்றப் போனார். "செருப்போட ஏறுங்க, ஒண்ணும் ஆவாது" என்று சைகையால் தள்ளினேன். அந்தப் படியில் ஏற நான் யார் அனுமதி கொடுக்க?

மேனேஜர் தன் கைப்பேசியில் கிடங்குக் கேமராவைப் பார்க்கிறவர். அன்று மாலையே கூப்பிட்டார்.

"ஆன்டி, உங்க வேலை என்ன?"

"கிராணி சார்."

"அப்போ கிராணி வேலைய பாருங்க. லேபர எல்லாம் படியேத்த யார் உங்களுக்குப் பவர் குடுத்தது?"

நான் தரையில் கிடந்த ஒரு கிளிப்பைக் குனிந்து எடுத்தேன்.

"காண்டிராக்ட் வருஷக் கடைசியில வருது. நான்தான் மேல பேசணும். கொஞ்சம் பாத்து நடந்துக்குங்க, சரியா?" என்றார். கடைசி 'சரியா'வை அவ்வளவு அன்பாகச் சொன்னார்.

கழிப்பறைக்குப் போய்க் குழாயைத் திறந்துவிட்டு அழுதேன். ஆத்திரத்தில் பாதி, பயத்தில் பாதி. இத்தனை வருட வேலையில் எத்தனை மேனேஜர்களைப் பார்த்திருக்கிறேன், எத்தனை பேருக்குக் கேக் வெட்டியிருக்கிறேன். யார் உனக்குப் பவர் கொடுத்தது என்று ஒரு வார்த்தை போதும், நான் ஒன்றுமில்லை என்று எனக்கே தோன்றிவிடுகிறது. அவர் சொன்னதால் வலிக்கவில்லை. அவர் சொல்வதற்கு முன்னாலேயே என் மனசு அதைச் சொல்லியிருந்தது, அதுதான் வலித்தது. வீட்டுக்காரரிடம் சொன்னபோது, "விட்டுத் தொலை. அவன் கெடங்கு, அவன் தண்ணி. நீ கையெழுத்து வாங்குற வரைக்கும் வாயத் தெறக்காத" என்றார். சரி என்று தலையாட்டினேன். மேலங்கியை மேசைக்கு அடியில் திணித்து வைத்தேன்.

அந்த நாள் காலையிலிருந்தே மழை. பெரிய மழை என்று சொல்ல முடியாது, ஆனால் நிற்கவில்லை. மேனேஜர் சுபாங் ஜெயாவில் ஒரு கூட்டத்துக்குப் போய்விட்டார். ஆபீஸில் மற்றவர்களும் அவரோடு போயிருந்தார்கள், மேலே நான் மட்டும். கீழே பள்ளத்தில் ஒரு லோரி பின்பக்கத்தைக் கிடங்கோடு ஒட்டி நின்றது. அன்று மாலைக்குள் அதிலிருக்கும் கொள்கலனை நிரப்பித் துறைமுகத்துக்கு அனுப்ப வேண்டும், கப்பல் காத்திருக்காது என்று சொல்லிவிட்டுத்தான் போனார். ஆட்கள் கொள்கலனுக்குள்ளே பெட்டி அடுக்கிக்கொண்டிருந்தார்கள்.

மத்தியானச் சோற்றுக்குப் பிறகு குடையை எடுத்துக்கொண்டு பின்பக்க லொங்காங்கைப் பார்க்கப் போனேன். போகாமல் இருக்க முடியவில்லை. தண்ணீர் விளிம்பு வரை இருந்தது. அதுகூடப் பரவாயில்லை. யாரோ குடித்துப் போட்ட ஒரு பிளாஸ்டிக் பாட்டில் மிதந்துகொண்டிருந்தது. ஆற்றுப் பக்கமிருந்து கிடங்குப் பக்கமாக வந்தது. மெதுவாக, அவசரமே இல்லாமல், என்னைத் தேடி வருவது போல வந்தது.

குடை கையிலிருந்து நழுவியது. எடுக்கவில்லை. மேலே ஓடி மேனேஜருக்குப் போன் போட்டேன்.

"சார், லொங்காங் தண்ணி திரும்பி வருது சார். ஆளுங்கள மேல ஏத்திரவா?"

"எங்க ஆன்டி? இங்க வெயில் அடிக்குது."

"இங்க கடல் ஏறுற நேரம் சார். தங்கச்சி வீட்ல இப்படித்தான்…"

"ஆன்டி." அவர் குரலைத் தாழ்த்தினார். பக்கத்தில் பெரிய ஆட்கள் இருந்திருக்க வேண்டும். "லொங்காங் தண்ணிக்கெல்லாம் பயந்தா பிசினஸ் பண்ண முடியுமா? லோடிங் நிக்கக் கூடாது. நிறுத்தினா நீங்கதான் பதில் சொல்லணும். வேலை வேணுமா வேணாமான்னு யோசிச்சுக்குங்க."

போனை வைத்துவிட்டார். நான் மேசையைப் பிடித்துக்கொண்டு நின்றேன். எனக்கு இரண்டு பயம். தண்ணீர் வந்துவிடுமோ என்பது ஒன்று. வராமல் போய்விடுமோ என்பது இன்னொன்று. இப்படி ஒரு பயம் இருக்கிறதா என்று சிரிக்காதீர்கள். வராவிட்டால் கப்பல் போய்விடும், என் வேலை போய்விடும், ஃபோர்க்லிஃப்ட் அண்ணன் எனக்கும் ஒரு பேர் வைத்துவிடுவார், மேனேஜர் என்னையும் படம் போட்டு அனுப்புவார். உண்மையைச் சொல்கிறேன், அந்தக் கணத்தில் தண்ணீரைவிட அந்தச் சிரிப்புக்குத்தான் நான் அதிகம் பயந்தேன். 'யார் உனக்குப் பவர் கொடுத்தது' என்று காதுக்குள் கேட்டுக்கொண்டே இருந்தது.

யாரும் கொடுக்கவில்லை. பாட்டில் மட்டும்தான் வந்து சொன்னது. மேசைக்கு அடியிலிருந்து மேலங்கியை உருவினேன். அவசரத்தில் கை நுழையவில்லை, தோளில் போட்டுக்கொண்டு படியின் பாதி வரை இறங்கினேன்.

வாயைத் திறந்தேன். சத்தம் வரவில்லை. எச்சிலை விழுங்கிவிட்டு மறுபடி கத்தினேன். அதற்குள் மழை வலுத்துத் தகரக் கூரையில் கொட்டியது. 'ஆத்தாஸ்' என்று கத்தியதாகத்தான் நினைத்தேன். கடைசி எழுத்து தொண்டையிலேயே நின்றுவிட்டது. பயந்துபோன குரலில், கிறீச்சென்று, "ஆத்தா! ஆத்தா!" என்றுதான் வெளியே வந்தது. வாழ்க்கையில் நான் என் அம்மாவை அப்படிக் கூப்பிட்டதே கிடையாது.

கொள்கலனுக்குள்ளிருந்து முதலில் வெளியே வந்தவர் அறந்தாங்கித் தம்பி. கையிலிருந்த பெட்டியை அப்படியே போட்டுவிட்டு ஓடி வந்தார். ஓடி வரும்போதே பின்னால் திரும்பி மற்றவர்களுக்கும் "ஆத்தாஸ், ஆத்தாஸ்!" என்று கத்தினார். ஃபோர்க்லிஃப்ட் அண்ணன் மட்டும் வண்டியில் உட்கார்ந்தபடியே கேட்டார்.

"என்னக்கா, மறுபடியும் டிரில்லா?"

"டிரில்லுமில்ல, ஒரு மண்ணுமில்ல! எறங்குயா வண்டிய விட்டு! லோரிக்காரர் எங்க? முன்னால தூங்குறாரா? அவரையும் எழுப்பி இழுத்துட்டு வா! பல்ல இளிச்சிக்கிட்டு நின்ன, செவுள்ல விட்ருவேன்!"

அப்படி நான் யாரையும் ஏசியதில்லை. அவர் அரண்டுபோய் இறங்கினார். லோரி ஓட்டுநரைக் கையைப் பிடித்து இழுத்து வந்தார். ஓட்டுநர் தூக்கக் கலக்கத்தில் மலாயில் என்னைத் திட்டிக்கொண்டே ஏறினார். நான் படியின் மேலே நின்று ஒவ்வொரு தலையையும் தொட்டுத் தொட்டு எண்ணினேன். இரண்டு முறை தப்பிப் போய், மூன்றாம் முறைதான் கணக்கு நேரானது. எல்லோரும் ஈரக் காலோடு கார்பெட்டில் வந்து நின்றார்கள். யாரும் நாற்காலியில் உட்காரவில்லை, சுவரோரமாக ஒடுங்கி நின்றார்கள்.

பிறகு ஒன்றும் நடக்கவில்லை. மழை பெய்தது. ஏர்கான் ஓடியது. ஃபோர்க்லிஃப்ட் அண்ணன் கடிகாரத்தைப் பார்த்தார், என்னைப் பார்த்தார், உதட்டைப் பிதுக்கினார். ஐயோ, அந்த நேரம் இருக்கிறதே, அதைப் போல என் வாழ்நாளில் நான் வெட்கப்பட்டதும் இல்லை, பயந்ததும் இல்லை. தண்ணீர் வந்துவிடு என்று வேண்டிக்கொண்டேனா என்று கேட்காதீர்கள். இறங்கிப் போய் லோடிங்கைத் தொடரச் சொல்லலாமா என்று வாயெடுத்தேன்.

அப்போது கீழே ஏதோ இடிந்தது போல ஒரு சத்தம். ஆற்றோரத் தடுப்பு எங்கோ உடைந்துவிட்டதாகப் பிறகு சொன்னார்கள். லொங்காங் வழியாக மெல்ல வரும் என்று நான் காத்திருந்த தண்ணீர் வாசல் வழியாகவே வந்தது. பழுப்பு நிறத்தில், பலகைகளையும் எண்ணெய் டின்களையும் உருட்டிக்கொண்டு, முதலில் பள்ளத்துக்குள் இறங்கியது. பார்த்துக்கொண்டிருக்கும்போதே பள்ளம் நிரம்பிக் கிடங்குக்குள் ஏறியது. பிஸ்கட் பெட்டிகள் அடுக்கோடு சரிந்தன. ஃபோர்க்லிஃப்ட் இடுப்பளவு மூழ்கி நின்றது. கொள்கலனுக்குள் ஏதோ முட்டி மோதும் சத்தம் கேட்டுக்கொண்டே இருந்தது.

நான் ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றேன். லோரியின் முன்பக்கக் கண்ணாடி வரை தண்ணீர் ஏறிவிட்டது. பக்கத்தில் அறந்தாங்கித் தம்பி வந்து நின்றார். ரொம்ப நேரம் அந்த லோரியையே பார்த்தார்.

"நீங்க லாரின்னு கத்தியிருந்தா, நான் அங்கதான்க்கா போயிருப்பேன்" என்றார். குரல் உடைந்து, முகத்தை மூடிக்கொண்டு அப்படியே கீழே உட்கார்ந்தார். நேபாளத்து ஆள் அவர் முதுகைத் தடவிக் கொடுத்தார். ஃபோர்க்லிஃப்ட் அண்ணன் வேறு பக்கம் பார்த்தபடி மூக்கை உறிஞ்சினார்.

என் கைப்பேசி அடித்தது. மேனேஜர். ஆபீஸ் கேமராவில் பார்த்துவிட்டுத்தான் அடிக்கிறார் என்று எடுத்ததுமே தெரிந்தது.

"ஆன்டி! யாரு அவங்கள எல்லாம் ஆபீஸ்குள்ள விட்டது? லோடிங் ஏன் நிக்குது? கீழ கேமரா வேலை செய்யல. ஸ்டாக் எல்லாம் ஏத்தியாச்சா?"

நான் கைப்பேசியை மற்றக் காதுக்கு மாற்றினேன்.

"நான் சொல்லச் சொல்லக் கேக்காம… நாளையிலருந்து நீங்க வேலைக்கு வர வேணாம்!"

அந்த வார்த்தையை அவர் பிறகு மெல்லத் திருப்பி எடுத்துக்கொண்டார். தலைமை ஆபீஸ்காரர்கள் வந்தபோது என்னை முன்னால் நிறுத்திக் கைகூடத் தட்டினார். அதெல்லாம் எனக்கு அப்போது தெரியாது. வேலை போய்விட்டது என்றுதான் எனக்குப் பட்டது. வீட்டுக்காரர் முகம் கண்ணுக்கு முன் வந்தது. மன்னிப்புக் கேட்டுவிடு, கேட்டுவிடு என்று உள்ளே ஒன்று கெஞ்சியது. ஜன்னல் வழியே பார்த்தேன்.

"நாளைக்கு யாராலயும் வர முடியாது சார்," என்றேன். "வாசல் கேட்டையே காணோம்."

சுவரோரம் நின்றவர்களை இன்னொரு தடவை கண்ணாலேயே எண்ணினேன்.

"நீங்க கேக்கல. நானே சொல்லிர்றேன். ஆளுங்க எல்லாரும் இருக்காங்க சார். ஒருத்தர்கூடக் குறையல. நான்தான் ஏத்தினேன்."

போனை வைத்த பிறகு என் கால்கள் நிற்கவில்லை. யாரோ ஒருவர் ஓடிப்போய், கண்ணில் பட்ட அறைக்குள்ளிருந்து ஒரு பெரிய சுழல் நாற்காலியைத் தள்ளிக்கொண்டு வந்து என் பின்னால் போட்டார். அது மேனேஜருடையது. நான் அதைப் பார்க்கும் நிலையில் இல்லை. உட்கார்ந்துவிட்டேன்.